காரணத்தோடு ஒரு மறுப்பு

ஏனாம்
20 பிப்ரவரி 1994

அன்புள்ள நானாவுக்கு,

நஜ்முன்னிசா எழுதிக்கொண்டது. அஸ்ஸலாமு அலைக்கும். உங்கள் முட்டிவலி எப்படி இருக்கிறது? கண்ணாடியை மாற்றினீர்களா, இல்லை பழைய கண்ணாடியை வைத்துக்கொண்டுதான் இதையும் படிக்கிறீர்களா? நோன்பு தொடங்கி ஒரு வாரம் ஆகிவிட்டது. இங்கே நானே கஞ்சி காய்ச்சி நானே குடிக்கிறேன். பக்கத்து வீட்டுத் தெலுங்கு அம்மாள் வாசனை பிடித்துக்கொண்டு வந்து ஒரு டம்ளர் வாங்கிப் போகிறாள்.

"மாற்றல் கேட்டிருக்கிறேன் என்று எழுதினாயே, எதற்கு, எந்த ஊருக்கு, ஒன்றும் சொல்லவில்லையே" என்று போன கடிதத்தில் கேட்டிருந்தீர்கள். எழுதத் தெம்பில்லாமல்தான் விட்டேன்.

என் வீட்டுக்காரர் மௌத்தாகி நான் தனிமரமான வருடமே என்னைக் காரைக்காலிலிருந்து இங்கே தூக்கிப் போட்டார்கள். பிரெஞ்சுக்காரன் கடலோரத்தில் நாலு துண்டாக வைத்திருந்ததை நம் அரசும் அப்படியே வாங்கிக்கொண்டதால், கோதாவரிக் கரையில் கிடக்கும் இந்த ஊரிலும் நர்ஸ் வேலைக்கு ஆள் வேண்டியிருக்கிறது. ஜுலைகாவை அழைத்து வந்தால் தெலுங்குப் பள்ளிக்கூடம். அதனால் காரைக்காலிலேயே நாத்தனார் நாச்சியா வீட்டில் விட்டு வந்தேன். முதல் வருடம் என் மகள் பக்கம் பக்கமாக எழுதினாள். இப்போது பதினான்கு வயது. நாச்சியா எழுதும் கடிதத்தின் அடியில் "உம்மாவுக்கு ஸலாம், ஜுலைகா" என்று ஒரு வரி வருகிறது. உம்மா எனக்குக் கொடுத்த வீடு பூட்டிக் கிடக்கிறது.

மாற்றல் கிடைத்தால் வீட்டைத் திறப்பேன். ஜுலைகா வருவாள். லான் மச்சியும் மௌத்தாகிவிட்ட பிறகு நீங்கள் மட்டும் அங்கே தனியாக என்ன செய்கிறீர்கள்? மாடி அறை உங்களுக்கு. மூன்று பேரும் ஒரே வீட்டில் இருக்க வேண்டும். எனக்கு வேறு ஆசை கிடையாது.

மனு கொடுத்தது போன ஆகஸ்டில். ஆறு மாதம் ஓடிவிட்டது. முடியும் என்றும் சொல்லவில்லை, முடியாது என்றும் சொல்லவில்லை. முடியாது என்று சொன்னால்கூட அழுது முடித்துவிட்டு அடுத்த வேலையைப் பார்க்கலாம். நீங்கள் எப்போது வருவீர்கள் என்று எழுதுங்கள்.

வஸ்ஸலாம்.
தங்கை,
நஜ்முன்னிசா


சைகோன்
21 மார்ச் 1994

அருமைத் தங்கச்சி நஜ்மாவுக்கு,

நானா பக்கீர் மைதீனின் ஸலாமும் துஆவும். நானும் மாமியும் சுகம். லான் போய் இரண்டு வருடமாகியும் அவள் உம்மா என்னோடுதான் இருக்கிறாள், உனக்குத் தெரியுமே. நோன்பு முழுக்க டோங் டு பள்ளிவாசல் கஞ்சியைத் தூக்கில் வாங்கி வந்து அவளுக்கும் கொடுத்தேன். இன்னும் கொஞ்சம் பூண்டு போட்டால் புத்தர் ஒன்றும் சொல்லமாட்டார் என்கிறாள். முட்டி அதன் இஷ்டப்படி இருக்கிறது. கண்ணாடி மாற்றவில்லை.

இங்கே அமெரிக்காக்காரன் தடையை எடுத்துவிட்டான் என்று ஒரே பரபரப்பு. மெட்ராஸிலிருந்தும் பம்பாயிலிருந்தும் மருந்து விற்க, துணி விற்க ஆட்கள் வந்து இறங்குகிறார்கள். வியட்நாமியர் பேசுவது புரிந்த இந்தியக் கிழவன் என்பதால் எனக்குக் கொஞ்சம் கிராக்கி. காலையில் துபாஷி வேலை, மாலையில் பள்ளிவாசலுக்கு எதிரே லெயோனோடு காப்பி. லெயோன் புதுச்சேரிக் கிறிஸ்தவர், பிரெஞ்சுக்காரன் காலத்தில் இந்த ஊர்க் கோர்ட்டில் குமாஸ்தாவாக இருந்தவர். தமிழ் பேச வேறு ஆள் மிச்சமில்லாததால் நாங்கள் சினேகிதர்கள்.

உன் கடிதத்தை அவரிடம் படித்துக் காட்டினேன். அவர் இருமிக்கொண்டே சிரித்தார். "முசியே பக்கீர், பிரெஞ்சுச் சட்டத்துல இதுக்கு எப்பவோ வழி பண்ணிட்டாங்க. மனு குடுத்து நாலு மாசம் சர்க்கார் வாயத் திறக்கலைன்னா மறுத்துட்டதா அர்த்தம். உடனே கோர்ட்டுக்குப் போலாம். மௌனமும் ஒரு உத்தரவுதான்" என்றார். உங்கள் ஊரில் அப்படி ஒன்று உண்டா என்று விசாரி.

ஆனால் கோர்ட்டுக்கு முன்னால் வேறு வழி இருக்கிறது. எழுபத்தைந்துக்குப் பிறகு இந்த ஊரில் மனு எழுதாத ஆள் கிடையாது. அரிசிக்கு மனு, சைக்கிளுக்கு மனு, ஊரைவிட்டுப் போக மனு. எத்தனையோ பேருக்கு நான் எழுதிக் கொடுத்திருக்கிறேன். மனுவில் என்ன எழுதியிருக்கிறது என்று அதிகாரி பார்க்கமாட்டான். எங்கிருந்து வந்தது என்று பார்ப்பான். பாரிஸிலிருந்து மச்சான் எழுதினால் கட்டுக்கு அடியில் கிடக்கும் காகிதம் மேலே வரும். உன் தலைமை அலுவலகத்தின் முகவரியை எழுது.

ஜுலைகாவுக்கு என் துஆ.

உன் நானா,
பக்கீர் மைதீன்


ஏனாம்
25 ஏப்ரல் 1994

அன்புள்ள நானாவுக்கு,

ஸலாம். உங்கள் கடிதம் கிடைத்து மனசுக்கு ஆறுதல். முட்டிக்கு நல்லெண்ணெய் சூடுபண்ணித் தேயுங்கள். லெயோன் ஐயாவுக்கு இருமல் என்று எழுதியிருந்தீர்களே, சளியோடு வருகிறதா, வறட்டு இருமலா? வயதானவர்கள் அதை அப்படியே விடக்கூடாது, மார்பைப் படம் எடுத்துப் பார்க்கச் சொல்லுங்கள்.

லீவு போட்டுப் புதுச்சேரி போய் வந்தேன். தலைமை அலுவலகத்தில் செக்ஷன் குமாஸ்தா கட்டைப் புரட்டுவது போலப் புரட்டிவிட்டு, "உங்க பேர்ல மனுவே வரலையேம்மா" என்றார். என் மேலதிகாரி கையெழுத்துப் போட்டு டப்பாலில் அனுப்பியது எனக்குத் தெரியும். அதைச் சொன்னேன். "அனுப்பினது அவங்களுக்குத் தெரியும், வந்தது எங்களுக்குத் தெரியணும்ல" என்றார். திரும்ப ஒன்று எழுதிக் கொடுக்கச் சொன்னார். அப்படிக் கொடுத்தால் இன்றைய தேதியிலிருந்து கணக்கு புதிதாகத் தொடங்கும் என்று கூட வந்த சிநேகிதி காதில் சொன்னாள். கொடுக்காமல் வந்துவிட்டேன்.

ஏனாம் திரும்பும் முன் காரைக்காலுக்கும் ஒரு நடை போனேன். ஜுலைகா வாசலில் கயிறு தாண்டிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் நிறுத்தி, "வாங்க உம்மா" என்றாள். வீட்டுக்கு விருந்தாளி வந்தால் சொல்வதைப் போல இருந்தது. பிறகு உள்ளே போய் நாச்சியாவிடம், "மாமி, உம்மா வந்திருக்காங்க, டீ போடவா?" என்று கேட்டாள்.

நீங்கள் கேட்ட முகவரியைத் தனித்தாளில் எழுதியிருக்கிறேன். எதற்கென்று தெரியவில்லை. மாடி அறையின் ஓட்டைப் பார்க்க ஆள் சொல்லியிருக்கிறேன். வரும் தேதி எழுதுங்கள்.

தங்கை,
நஜ்முன்னிசா


சைகோன்
28 மே 1994

அருமைத் தங்கச்சி நஜ்மாவுக்கு,

ஸலாம். ஹஜ்ஜுப் பெருநாள் வாழ்த்து. நானும் மாமியும் சுகம், மழை தொடங்கியதால் மாமிக்கு மட்டும் கால் கொஞ்சம் வீங்குகிறது. லெயோனுக்கு வறட்டு இருமல்தானாம். நீ கேட்டதைச் சொன்னதும், இருபது வருடத்தில் தன் இருமலைப் பற்றி விசாரித்த முதல் ஆள் நீதான் என்று கண் கலங்கினார்.

ஒரு சந்தோஷச் செய்தி. உன் அலுவலகத்துக்கு நானே எழுதிவிட்டேன். பிரெஞ்சில்!

பள்ளிவாசலை ஒட்டிய அறையில் உள்ள பழைய டைப் மெஷினில் அடித்தேன். அதில் ஒரு எழுத்து விழாது, அதைப் பேனாவால் போட்டேன். லெயோன் மூன்று முறை திருத்தினார். "உயர்திரு இயக்குநர் அவர்களே, நாற்பத்தோரு ஆண்டுகள் இந்தோசீன மண்ணில் காரைக்காலின் பெயரைக் காத்து வரும் ஒரு சகோதரன், விதவையான தன் தங்கைக்காக..." என்று தொடங்குகிறது. முடிவு வணக்கம் மட்டுமே மூன்று வரி. அந்தக் கட்டிடத்தில் பிரெஞ்சில் ஒரு கடிதம் போனால் எழுந்து நின்று வாங்குவார்கள் என்று லெயோன் சொல்கிறார். கையெழுத்துக்கு மேலே உறவு முறையும் தெளிவாக எழுதியிருக்கிறேன், "உடன்பிறந்த மூத்த சகோதரன்" என்று.

நீ தவழும்போது நான் கப்பல் ஏறினேன். நடுவே உன் கல்யாணத்துக்கு ஒருமுறை வந்ததோடு சரி. உனக்கென்று இதுவரை ஒன்றும் செய்ததில்லை. இதாவது செய்தேனே என்று இருக்கிறது.

உன் நானா,
பக்கீர் மைதீன்


ஏனாம்
10 ஜூலை 1994

அன்புள்ள நானாவுக்கு,

ஸலாம். உங்கள் உடம்பு எப்படி? முட்டியும் லெயோன் ஐயாவின் இருமலும் தேவலையா?

உங்கள் பிரெஞ்சுக் கடிதம் அலுவலகத்துக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. உடனே எடுத்துப் பார்த்தார்கள். பழைய ஆள் ஒருவரை வைத்து மொழிபெயர்த்தும் படித்திருக்கிறார்கள். ஒரு வருடமாக இல்லாத வேகம். எனக்கும் எழுத்து மூலமாகத் தெரிவித்தார்கள்.

இங்கே வெயில் தாங்க முடியவில்லை. வார்டில் மின்விசிறி இரண்டுதான் ஓடுகிறது. அடுத்த வாரம் மெட்ராஸ் போகிறேன், ஒரு வக்கீலைப் பார்த்துப் பேசி வரலாம் என்று. சும்மாதான். வேறொன்றும் விசேஷமில்லை.

தங்கை,
நஜ்முன்னிசா


சைகோன்
6 ஆகஸ்ட் 1994

அருமைத் தங்கச்சி நஜ்மாவுக்கு,

ஸலாம். உன் கடிதம் கண்டு நானும் மாமியும் லெயோனும் காப்பிக் கடையில் ஒரு தட்டு மிட்டாய் வாங்கித் தின்றோம். மாமிக்கு விஷயம் புரியவில்லை, மிட்டாய் புரிந்தது.

பார்த்தாயா? நான் சொன்னேன் அல்லவா? உடனே எடுத்துப் பார்த்தார்களாமே! வக்கீலுக்கு எதற்கு வீண் செலவு? மெட்ராஸ் போகாதே. அடுத்த கடிதம் தயார். இந்த முறை இயக்குநருக்கு மேலே, அவருக்கும் மேலே உள்ளவருக்கு. அங்கே பிரெஞ்சுத் தூதரகத்துக்கு ஒரு நகல். லெயோன்தான் சட்டப்படி பொறுக்க வேண்டும் என்று பிடிவாதம் பிடிக்கிறார். முதல் கடிதத்துக்கு நாலு மாதம் முடிய வேண்டுமாம். செப்டம்பர் கடைசியில் போட்டுவிடுவேன்.

மாமிக்குக் கால் வீக்கம் வடியவில்லை. மருந்து வாங்கப் போக வேண்டும், இத்தோடு நிறுத்துகிறேன்.

உன் நானா,
பக்கீர் மைதீன்


தந்தி
22 ஆகஸ்ட் 1994

இரண்டாம் கடிதம் போடவேண்டாம். விவரம் தபாலில். நஜ்மா.


ஏனாம்
24 ஆகஸ்ட் 1994

அன்புள்ள நானாவுக்கு,

ஸலாம். தந்தியைப் பார்த்துப் பதறியிருப்பீர்கள். உடம்புக்கு ஒன்றுமில்லை. போன கடிதத்தில் முழுசாக எழுதாதது என் தப்பு. உங்கள் மனசு நோகக்கூடாது என்று பார்த்தேன், அது இரண்டாவது கடிதத்தில் கொண்டுபோய் நிறுத்திவிட்டது.

எழுத்து மூலமாகத் தெரிவித்தார்கள் என்றேனே, அது மெமோ. அரசு ஊழியர் மாற்றலுக்காக வெளியாரை வைத்துச் சிபாரிசு பண்ணினால் அது நடத்தை விதிக்கு விரோதம். "9.8.93 தேதியிட்ட தங்கள் மாற்றல் மனு பரிசீலனையில் இருக்கும்போது, வெளிநாட்டில் வசிக்கும் உறவினர் மூலம் அழுத்தம் கொடுத்தது ஏன்? பத்து நாளில் விளக்கம் தருக." ஒரு வருடமாக அசையாத ஆபீஸ் இதற்கு இரண்டே வாரத்தில் அசைந்தது. ஒழுங்கு நடவடிக்கை என்றால் காரைக்காலை மறந்துவிட வேண்டியதுதான்.

அந்த மெமோவை எடுத்துக்கொண்டுதான் மெட்ராஸ் போனேன். வக்கீல் சிவசுப்பிரமணியன், எங்கள் மாதிரி அரசு ஊழியர் வழக்குகளே பார்ப்பவர். படித்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார். எனக்குக் கோபம் வந்துவிட்டது. "அம்மா, மனுவே வரலைன்னு சொன்னாங்கல்ல? இப்ப அவங்களே தேதி போட்டு ஒத்துக்கிட்டாங்க பாருங்க. உங்க அண்ணன் தெரியாம ஒரு பெரிய உபகாரம் பண்ணியிருக்கார்" என்றார். நம் சட்டத்தில் கணக்கு ஆறு மாதமாம். மனு கொடுத்து ஆறு மாதம் பதில் இல்லையென்றால், அதிலிருந்து ஒரு வருடத்துக்குள் நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். ரிமைண்டர் எத்தனை போட்டாலும் அந்தக் கெடு நீளாது. பொறுத்திருந்து பொறுத்திருந்தே பலர் கோட்டை விடுகிறார்களாம். வழக்குப் போடச் சொல்லிவிட்டேன்.

மெமோவுக்கு விளக்கம் அவர் சொல்லச் சொல்லத்தான் எழுதினேன். அதையும் மறைக்கவில்லை. "மேற்படி நபர் நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக வெளிநாட்டில் வசிப்பவர். அவருக்கும் எனக்கும் நடைமுறைத் தொடர்பு ஏதுமில்லை. அவருடைய செயலுக்கு நான் பொறுப்பல்ல." இப்படி எழுதினால்தான் தப்பலாம் என்றார். எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

உங்கள் முட்டி எப்படி இருக்கிறது நானா?

நஜ்முன்னிசா


ஏனாம்
5 டிசம்பர் 1994

அன்புள்ள நானாவுக்கு,

ஸலாம். உங்களிடமிருந்து கடிதம் இல்லை. அக்டோபரில் ஒன்று போட்டேன், அதற்கும் இல்லை. உடம்பு சரியில்லையா? லெயோன் ஐயாவாவது ஒரு வரி எழுதலாமே.

மெமோவை எச்சரிக்கையோடு முடித்துவிட்டார்கள். தீர்ப்பாயத்தில் நவம்பர் நடுவில் உத்தரவும் ஆகிவிட்டது. நான் கறுப்புக் குடையோடு பின் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். என் முறை வந்தது, வக்கீல் மெமோவைக் காட்டினார், எதிர்த் தரப்பு கொஞ்சம் முனகியது, முடிந்துவிட்டது. "மனுவைப் பரிசீலித்து, காரணங்களைக் குறிப்பிட்டு, எட்டு வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்." அவ்வளவுதான். காரைக்காலுக்கு மாற்று என்று சொல்லவில்லை. வெளியே வந்து, "இதுக்கா சார் இவ்வளவு பாடு?" என்று கேட்டேன். "கோர்ட்டு உங்களுக்கு இடம் குடுக்காதும்மா. பதில் வாங்கித் தரும். முடியாதுன்னா ஏன் முடியாதுன்னு அவங்க எழுதியாகணும். காரணம் எழுத உட்கார்ந்தா பாதிப் பேருக்கு மனசு மாறிடும்" என்றார்.

எனக்கு அலுத்துவிட்டது நானா. பஸ்ஸில் வரும்போது தூக்கமும் வரவில்லை, அழுகையும் வரவில்லை.

நான் தந்தி அடித்தது ஆகஸ்ட் 22. லெயோன் ஐயாவின் சட்டப்படி இந்த 22ஆம் தேதியோடு நாலு மாதம். அதற்குள் பதில் வராவிட்டால் நீங்கள் என்னை வேண்டாம் என்று சொல்லிவிட்டதாக எடுத்துக்கொள்வேன். அப்புறம் நான் எந்தக் கோர்ட்டுக்குப் போவது?

நஜ்மா


சைகோன்
19 டிசம்பர் 1994

நஜ்மாவுக்கு,

ஸலாம். கெடு முடிவதற்குள் எழுதுகிறேன். தபால் போய்ச் சேர நாளாகும் என்பதால் முத்திரைத் தேதியைக் கணக்கில் எடுத்துக்கொள்ளவும், லெயோன் அப்படித்தான் எடுப்பார்.

எழுதாததற்குக் காரணம் இரண்டு. ஒன்று, அக்டோபரில் எங்கள் சந்துக்குள் தண்ணீர் வந்தபோது மாமி வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்துவிட்டது. ஆஸ்பத்திரியில் ஒரு மாதம் கட்டிலுக்கு அடியில் பாய் போட்டுக் கிடந்தேன். இப்போது வீட்டுக்குக் கொண்டு வந்துவிட்டேன், எழுந்து நடக்கவில்லை.

இன்னொன்று உனக்குத் தெரியும். சட்டத்துக்காக எழுதியது என்று புத்திக்குத் தெரிகிறது. அந்த வரி பொய் இல்லை என்பதும் தெரிகிறது, அதுதான் வலித்தது. பிரெஞ்சில் நான் "உடன்பிறந்த" என்று எழுதினேன், நீ தமிழில் "மேற்படி நபர்" என்று எழுதினாய். லெயோனிடம்கூட இதைப் படித்துக் காட்டவில்லை.

கோபம் தீர்ந்துவிட்டது. உன் நல்ல செய்திக்குக் காத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
மேற்படி நபர்


காரைக்கால்
15 மார்ச் 1995

அன்புள்ள நானாவுக்கு,

ஸலாம். மேலே ஊர்ப் பெயரைப் பார்த்தீர்களா? நம் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து எழுதுகிறேன்!

ஜனவரியில் முதலில் ஒரு உத்தரவு வந்தது. "பரிசீலிக்கப்பட்டது. சாத்தியமில்லை." இரண்டே வார்த்தை. தரையில் உட்கார்ந்து சிரித்தேன். சிவசுப்பிரமணியன் சாருக்குத் தந்தி அடித்தேன். "காரணம் எங்கே? தீர்ப்பாயம் சொன்னதை மீறியதாக மனுப் போடுவோம்" என்று அவர் ஒரு நோட்டீஸ் விட்டார். காரணம் எழுத உட்கார்ந்திருப்பார்கள் போல. காரைக்காலில் ஸ்டாஃப் நர்ஸ் இடம் ஒன்று ஒன்றரை வருடமாகக் காலியாகவே கிடந்தது அப்போதுதான் கண்ணில் பட்டிருக்கிறது. பெருநாளுக்கு முதல் நாள் மாற்றல் உத்தரவு கைக்கு வந்தது.

வீட்டைத் திறந்து இரண்டு நாள் தூசி தட்டினேன். ஜுலைகா ஒரு பையில் துணியோடு வந்தாள். புத்தகமெல்லாம் நாச்சியா மாமி வீட்டிலேயே இருக்கட்டும், அங்கேதான் படிக்க வரும் என்றாள். ராத்திரிச் சாப்பாடு முடிந்ததும், "நான் போய்ட்டு நாளைக்கு வர்றேன் உம்மா" என்று எழுந்துவிட்டாள். பிறகு அவளுக்கே என்னவோ போலாகி உட்கார்ந்தாள். உத்தரவு வாங்கியது எனக்குத்தான், அவளுக்கு இல்லை. கொஞ்ச நாள் ஆகும். நான் காத்திருக்கத் தெரிந்தவள்.

இனி நீங்கள்தான் பாக்கி. முட்டி எப்படி இருக்கிறது? லெயோன் ஐயாவின் இருமல்? மாடி அறைக்கு ஓடு மாற்றியாகிவிட்டது. போன வருடம் இரண்டு கடிதத்தில் எப்போது வருகிறீர்கள் என்று கேட்டேன். பிறகு எழுதிய கடிதங்களில் கேட்காவிட்டாலும் மனசில் அதுதான் இருந்தது. ஒரு கடிதத்தில்கூட அதற்கு மட்டும் நீங்கள் பதில் சொல்லவில்லை. ஒரு வருடமாகிவிட்டது. உங்கள் சட்டத்திலும் கெடு தாண்டிவிட்டது, என் சட்டத்திலும் தாண்டிவிட்டது. வாருங்கள். வரமாட்டீர்கள் என்றால் காரணம் குறிப்பிட்டு எழுதுங்கள்.

தங்கை,
நஜ்மா


சைகோன்
17 ஏப்ரல் 1995

அருமைத் தங்கச்சி நஜ்மாவுக்கு,

ஸலாமும் துஆவும். உன் கடிதத்தை மூன்று முறை படித்தேன். வீட்டைத் திறந்துவிட்டாய், அல்ஹம்துலில்லாஹ். லெயோன் உன் வக்கீலுக்கு வணக்கம் சொல்லச் சொன்னார்.

உன் மனு பரிசீலிக்கப்பட்டது. ஏற்க இயலவில்லை. நீ கேட்டபடி காரணம் குறிப்பிடுகிறேன்.

இடமாற்றத்துக்கு மனு கொடுக்க வேண்டியவன் இடம் மாற விரும்புகிறவன். நான் எந்தக் காலத்திலும் கேட்கவில்லை. எழுபத்தாறில் கூட்டாளிகள் எல்லாம் கிளம்பியபோது லான் தன் உம்மாவை விட்டு வரமாட்டேன் என்றாள், நானும் இருந்துவிட்டேன். அதை ஒரு தியாகம் போல ஊரில் பேசிக்கொள்வதாகக் கேள்வி. அப்படியொன்றும் இல்லை, எனக்கு இந்த ஊர் பிடித்திருந்தது.

அடுத்தது. "அங்கே தனியாக என்ன செய்கிறீர்கள்" என்று எழுதினாய். நான் தனியாக இல்லை நஜ்மா. மாமிக்கு அமெரிக்காவில் சொந்த மகன் இருக்கிறான். பத்து வருடம் அலைந்து அவன் தாயை அழைத்துக்கொள்ள அனுமதி வாங்கினான். லான் இறந்த வருடம்தான் அது வந்தது. விசாரணைக்கு நான்தான் சைக்கிள் ரிக்ஷாவில் கூட்டிப் போனேன். எப்போது கிளம்புகிறீர்கள் என்று அதிகாரி கேட்டான். "நான் போகலை, என் பிள்ளை இங்கே இருக்கான்" என்று என் பக்கம் கையைக் காட்டினாள். அதிகாரி என் முகத்தைப் பார்த்தான், அவள் முகத்தைப் பார்த்தான், காகிதத்தை மடித்துக் கொடுத்துவிட்டான். அப்படிப்பட்டவளைப் படுக்கையில் போட்டுவிட்டு நான் எந்த மாடி அறைக்கு வருவது? தினமும் முதுகைத் துடைத்து, கஞ்சி ஊட்டி, புரட்டிப் படுக்கவைப்பது நான்தான்.

கடைசியாக ஒன்று. எழுதலாமா வேண்டாமா என்று யோசித்தேன். காரணத்தை ஒளிக்கும் உத்தரவு செல்லாது என்று உன் வக்கீலே சொல்லியிருக்கிறார். நீ ஒவ்வொரு கடிதத்தையும் நலம் விசாரித்துத்தான் தொடங்குகிறாய். என் முட்டி, என் கண்ணாடி, நீ பார்த்தேயிராத லெயோனின் இருமல்கூட. நானும் ஒவ்வொரு முறையும் மாமியைப் பற்றி எழுதினேன். கால் வீங்கியதை எழுதினேன், எலும்பு முறிந்ததை எழுதினேன். நீ ஒரு நர்ஸ். ஒரு தடவைகூட அவள் எப்படி இருக்கிறாள் என்று நீ கேட்கவில்லை. லான் உயிரோடு இருந்தபோதும் வீட்டிலிருந்து யாரும் கேட்டதில்லை. குற்றம் சொல்லவில்லை. நீ காரணம் கேட்டாய்.

முப்பதாம் தேதி, போர் முடிந்த இருபதாவது வருட விழாவாம். தெரு நெடுக, செட்டியார் கோவில் வரைக்கும், சிவப்புத் துணி கட்டுகிறார்கள். மாமி ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டு எதற்கு என்று கேட்டாள். சொன்னேன். இருபது வருடமாகிவிட்டதா என்று ஆச்சரியப்பட்டாள்.

இந்த உத்தரவை எதிர்த்து மேல்முறையீடு செய்ய உனக்கு உரிமை உண்டு.

உன் உடன்பிறந்த நானா,
பக்கீர் மைதீன்


காரைக்கால்
8 மே 1995

அன்புள்ள நானாவுக்கும் மாமிக்கும்,

ஸலாம். மாமியின் இடுப்பு எப்படி இருக்கிறது? ஆபரேஷன் செய்தார்களா, எடை கட்டித் தொங்கவிட்டார்களா? பிட்டத்திலோ குதிகாலிலோ தோல் சிவந்திருக்கிறதா என்று தினமும் பாருங்கள். சிவந்திருந்தால் அந்த இடத்தைத் தேய்க்காதீர்கள், அங்கே பாரம் படாமல் படுக்கவையுங்கள். புரட்டும்போது இரண்டு முட்டிக்கும் நடுவில் ஒரு தலையணை வையுங்கள், இல்லாவிட்டால் வலி உயிர் போகும். கஞ்சி ஊட்டும்போது சாய்த்து உட்காரவைத்துத்தான் ஊட்ட வேண்டும். கால் வீக்கம் எலும்பு முறிவதற்கு முன்பே இருந்தது, அது தனிச் சங்கதி, இருதயத்தைப் பார்க்கச் சொல்லுங்கள். பூண்டு தாராளமாகப் போடலாம்.

அவர்கள் பெயர் என்ன நானா? எனக்குத் தெரியாது.

உங்கள் உத்தரவைப் படித்தேன். அன்று வார்டில் எனக்கு வேலை ஓடவில்லை. மேல்முறையீடு செய்யப்போவதில்லை. ஜுலைகாவுக்கும் படித்துக் காட்டினேன். முழுசாகக் கேட்டுவிட்டுப் புத்தகங்களை எடுத்து வர நாச்சியா வீட்டுக்குப் போனாள். மாடி அறையில் உட்கார்ந்து படிக்கிறாள். கீழே ஒரு வரி எழுதுகிறேன் என்று பேனாவைப் பிடுங்குகிறாள்.

தங்கை,
நஜ்மா

மாமாவுக்கு ஸலாம். மாடி அறையை நானும் உம்மாவும் அளந்து பார்த்தோம், இரண்டு கட்டில் போடலாம். என் மேசைக்கும் இடம் இருக்கும். ஜன்னல் பக்கத்துக் கட்டில் யாருக்கு என்று உம்மாவிடம் கேட்டேன். உங்கள் மாமிக்குத்தானாம். கேட்டவுடனே முடிவாகிவிட்டது. நீங்கள் இரண்டு பேரும் வராவிட்டாலும் அது அவங்க கட்டில்தான். அவங்களுக்கு நான் என்ன முறை ஆகவேண்டும்? பதில் போடவும்.

ஜுலைகா